உலோக அணைவுச் சேர்மங்களில் இணைதிறனும் ஆக்சிஜனேற்ற நிலையும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இணைதிறன், ஆக்சிஜனேற்ற நிலை, அணைவு எண் மூன்றும் ஒன்றுதானா?

இல்லை. சோடியம் குளோரைடு போன்ற எளிய உப்புகளில் இணைதிறனும் ஆக்சிஜனேற்ற எண்ணும் பெரும்பாலும் ஒரே எண்ணாக வந்துவிடுவதால், இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்லும் பழக்கம் வந்துவிட்டது. அணைவுச் சேர்மங்களுக்கு, அதாவது மைய உலோகத்தை அயனிகளோ மூலக்கூறுகளோ (ஈனிகள்) எலக்ட்ரான் இரட்டை தந்து சூழ்ந்து நிற்கும் சேர்மங்களுக்கு, வந்தவுடன் அந்தப் பழக்கம் காலை வாரிவிடும்.

ஆக்சிஜனேற்ற நிலை என்பது ஒரு கணக்கு. வேறுபட்ட அணுக்களுக்கு இடையே உள்ள ஒவ்வொரு பிணைப்பையும் அயனிப் பிணைப்பு என்று வைத்துக்கொண்டு, பிணைப்பு எலக்ட்ரான்களை எலக்ட்ரான் கவர்திறன் அதிகமுள்ள அணுவுக்குக் கொடுத்துவிட்டால் உலோகத்தின் மீது எஞ்சும் மின்சுமைதான் அது. ஒரே தனிமத்தின் இரு அணுக்களுக்கு இடையே உள்ள பிணைப்பை இரண்டாகப் பகிர வேண்டும். அதனால் கணக்கில் அதற்கு மதிப்பு பூஜ்யம். அணைவு எண் என்பது உலோகத்தோடு நேரடியாகப் பிணைந்த ஈனி அணுக்களின் எண்ணிக்கை. இணைதிறன் என்பது பிணைப்பை உருவாக்க உலோகம் தன் பங்காகச் செலவிட்ட எலக்ட்ரான்களின் எண்ணிக்கை.

நிக்கல் டெட்ராகார்பனைலில் அணைவு எண் 4, ஆக்சிஜனேற்ற நிலை 0. டையம்மின்சில்வர் அயனியில் அணைவு எண் 2, ஆக்சிஜனேற்ற நிலை +1. மெர்குரஸ் குளோரைடில் ஒவ்வொரு பாதரசமும் +1. ஆனால் அது ஒரு குளோரினோடும் இன்னொரு பாதரசத்தோடும் பிணைந்திருப்பதால் இணைதிறன் 2. இரு மாங்கனீசு அணுக்களும் பத்து கார்பன் மோனாக்சைடும் கொண்ட கார்பனைலில் மாங்கனீசின் ஆக்சிஜனேற்ற நிலை 0, இணைதிறன் 1. உலோகம்–உலோகம் பிணைப்பு இருக்கும் இடமெல்லாம் இரண்டு எண்களும் பிரிந்து நிற்கும்.

வெர்னர் சொன்ன முதன்மை இணைதிறனும் இரண்டாம் நிலை இணைதிறனும் இன்றைய எந்தச் சொல்லுக்குச் சமம்?

முதன்மை இணைதிறன் என்பது ஆக்சிஜனேற்ற நிலை. இரண்டாம் நிலை இணைதிறன் என்பது அணைவு எண். ஆல்ஃபிரட் வெர்னர் 1893-இல் இந்தக் கொள்கையை வெளியிட்டார். 1913-இல் வேதியியல் நோபல் பரிசு பெற்றார்.

அவர் முன்னால் இருந்த புதிர் இது: கோபால்ட் டிரைகுளோரைடில் கோபால்ட்டின் இணைதிறன் மூன்றும் தீர்ந்துவிட்டது, அம்மோனியாவில் நைட்ரஜனின் இணைதிறனும் தீர்ந்துவிட்டது. பிறகு எப்படி ஆறு அம்மோனியா வந்து ஒட்டிக்கொள்கிறது? ஆறு அம்மோனியா உள்ள மஞ்சள்–ஆரஞ்சு உப்பு, சில்வர் நைட்ரேட்டுடன் மூன்று குளோரைடையும் உடனே வீழ்படிவாக விட்டது. ஐந்து அம்மோனியா உள்ள ஊதாச்சிவப்பு உப்பு இரண்டை விட்டது. நான்கு அம்மோனியா உள்ள பச்சை உப்பு ஒன்றை மட்டும் விட்டது.

ஊதாச்சிவப்பு உப்பில் ஒரு குளோரைடு அணைவுக் கோளத்துக்குள் (உலோகத்தோடு நேரடியாகப் பிணைந்த வட்டத்துக்குள்) நுழைந்து, முதன்மை இணைதிறனையும் இரண்டாம் நிலை இணைதிறனையும் சேர்த்தே நிறைவு செய்கிறது. மாணவர்கள் வழுக்கும் இடம் இதுதான். "இரண்டு குளோரைடுதானே வெளியே இருக்கிறது, ஆகவே கோபால்ட் +2" என்று எழுதிவிடுகிறார்கள். வெளியே உள்ள இரண்டு காட்டுவது அணைவு அயனியின் மின்சுமையை. கோபால்ட் மூன்று உப்புகளிலும் +3 தான்.

கணக்கிடும் முறையைப் படிப்படியாகச் சொல்லுங்கள்.

முதலில் அணைவுக் கோளத்துக்கு வெளியே நிற்கும் அயனிகளை (நேரயனியோ எதிரயனியோ) பிரித்து எடுங்கள். அவற்றின் மொத்த மின்சுமையைக் குறி மாற்றினால் அணைவு அயனியின் மின்சுமை. அடுத்து, ஒவ்வொரு ஈனியும் தன் எலக்ட்ரான் இரட்டையோடு உலோகத்தை விட்டு விலகினால் அதன் மீது என்ன மின்சுமை இருக்கும் என்று எழுதிக் கூட்டுங்கள். அணைவின் மின்சுமையிலிருந்து ஈனிகளின் மொத்தத்தைக் கழித்தால் உலோகத்தின் நிலை கிடைக்கும்.

பொட்டாசியம் ஃபெர்ரோசயனைடில் நான்கு பொட்டாசியம் வெளியே. எனவே அணைவு −4. ஆறு சயனைடு −6. இரும்பு: −4 − (−6) = +2. ஃபெர்ரிசயனைடில் மூன்று பொட்டாசியம்: −3 − (−6) = +3.

சிஸ்பிளாட்டினில் வெளி அயனியே இல்லை, அணைவு 0; இரண்டு குளோரைடு −2, இரண்டு அம்மோனியா 0; பிளாட்டினம் +2. கால்சியம்–ஈடிடிஏ அணைவின் மின்சுமை −2, முழுதும் புரோட்டான் நீங்கிய ஈடிடிஏ −4, கால்சியம் +2.

விடை வந்ததும் ஒரு சரிபார்ப்பு: தனிமத்தின் தொகுதி எண்ணிலிருந்து ஆக்சிஜனேற்ற நிலையைக் கழித்தால் டி எலக்ட்ரான்களின் எண்ணிக்கை. கோபால்ட் 9-ஆம் தொகுதி; 9 − 3 = 6. இந்த எண் எதிர்க்குறியாகவோ 10-க்கு மேலாகவோ வந்தால் எங்கோ ஓர் ஈனியின் மின்சுமை தப்பாகியிருக்கிறது. டைட்டேனியத்துக்கு +5 என்று வந்த விடையைப் பார்த்ததும் நிறுத்திவிட வேண்டும்.

எந்த ஈனிக்கு என்ன மின்சுமை?

நீர், அம்மோனியா, கார்பன் மோனாக்சைடு, பிரிடின், ஃபாஸ்பீன்கள், எத்திலீன், எத்திலீன்டைஅமீன் எல்லாம் 0. ஹாலைடுகள், ஹைட்ராக்சைடு, சயனைடு, தயோசயனேட், நைட்ரைட், அசிட்டேட், அசிட்டைல்அசிட்டோனேட், கிளைசினேட் −1. ஆக்சைடு, ஆக்சலேட், கார்பனேட், சல்பேட் −2.

தப்பு நடப்பது வழக்கமான சிலவற்றில்தான். எத்திலீன்டைஅமீனும் ஈடிடிஏவும் பெயரில் உறவினர்கள். மின்சுமையில் ஒன்று 0, மற்றது −4. டைமெத்தில்கிளையாக்சிமில் இரண்டு ஹைட்ராக்சில் இருந்தாலும் நிக்கலோடு சேரும்போது ஒன்று மட்டுமே புரோட்டானை இழக்கிறது. ஆகவே ஒவ்வோர் ஈனியும் −1, அந்தச் சிவப்பு வீழ்படிவில் நிக்கல் +2. நைட்ரைட் நைட்ரஜன் வழியாகப் பிணைந்தாலும் ஆக்சிஜன் வழியாகப் பிணைந்தாலும் −1 தான். ஃபெரோசீனில் இரும்பை இருபுறமும் பிடித்திருக்கும் ஐங்கார்பன் வளையங்கள் ஒவ்வொன்றையும் −1 அயனியாக எடுங்கள், இரும்பு +2. சைசு உப்பில் எத்திலீன் 0, மூன்று குளோரைடு −3, அணைவு −1, பிளாட்டினம் +2.

ஹைட்ரைடை −1 என்று எடுப்பதே வழக்கம், ஏனெனில் பெரும்பாலான முதல்வரிசை இடைநிலை உலோகங்களைவிட ஹைட்ரஜனுக்கு எலக்ட்ரான் கவர்திறன் அதிகம். அதனால் கோபால்ட் டெட்ராகார்பனைல் ஹைட்ரைடில் கோபால்ட் +1. அதே சேர்மம் நீரில் வலிமையான அமிலமாகப் புரோட்டானை விட்டுவிடும் என்பது வேறு விஷயம். விட்ட பிறகு எஞ்சும் எதிரயனியில் கோபால்ட் −1. ஆக்சிஜனேற்ற எண்ணை வைத்து அமிலத்தன்மையை ஊகிக்க முயலாதீர்கள்.

நேரயனியும் எதிரயனியும் இரண்டுமே அணைவாக இருந்தால்?

வாய்பாடு மட்டும் போதாது. ஹெக்சாஅம்மின்கோபால்ட்டும் ஹெக்சாசயனோகுரோமேட்டும் சேர்ந்த உப்பில் ஆறு சயனைடு மொத்தம் −6 தருகிறது. இரண்டு உலோகங்களும் சேர்ந்து +6. அதை 3+3 என்று பிரிப்பதா, 2+4 என்று பிரிப்பதா என்பதை அந்த அயனிகளின் தெரிந்த வேதியியலைக் கொண்டுதான் முடிவு செய்ய வேண்டும். இங்கே 3+3. மாக்னஸின் பச்சை உப்பில் டெட்ராஅம்மின்பிளாட்டினமும் டெட்ராகுளோரோபிளாட்டினேட்டும் சேர்ந்திருக்கின்றன. இரண்டு பிளாட்டினமும் +2.

பின்ன எண் வந்தால் கணக்கு தவறா?

அவசியம் இல்லை. ஒரே உலோகம் இரண்டு நிலைகளில் இருந்து சராசரி வந்திருக்கலாம். முழு எண் வந்தாலும் இதே ஏமாற்று நடக்கலாம். அதுதான் இன்னும் ஆபத்து. ஒரு சீசியம், ஒரு தங்கம், மூன்று குளோரின் என்ற வாய்பாட்டில் தங்கம் +2 என்று வரும். உண்மையில் அந்தப் படிகத்தில் பாதித் தங்கம் +1, பாதி +3.

பிரஷ்யன் நீலத்தின் எளிய வாய்பாட்டில் ஏழு இரும்பு, பதினெட்டு சயனைடு. சராசரி 18/7. பிரித்துப் பார்த்தால் நான்கு இரும்பு +3, மூன்று இரும்பு +2: 12 + 6 = 18. சயனைடின் கார்பன் முனை +2 இரும்பையும், நைட்ரஜன் முனை +3 இரும்பையும் பிடித்திருக்கிறது. அடர்நீலம் வருவதே +2-இலிருந்து +3-க்கு எலக்ட்ரான் தாவுவதால்தான்.

பிரிக்கவே முடியாத வகையும் உண்டு. பைரசீன் பாலத்தால் இணைந்த இரு ருத்தேனியம் கொண்ட, +5 மின்சுமையுள்ள குரூட்ஸ்–டவுபே அயனியில் (1969) எலக்ட்ரான் இரு முனைகளுக்கும் பொதுவாகப் பரவியிருக்கிறது. அங்கே ஒவ்வொன்றுக்கும் +2.5 என்று எழுதுவதே நேர்மை.

நைட்ரோசில் ஈனி இருந்தால் ஏன் புத்தகத்துக்குப் புத்தகம் விடை மாறுகிறது?

நைட்ரோசில், அதாவது ஈனியாகப் பிணைந்த நைட்ரிக் ஆக்சைடு, +1 ஆகவும், 0 ஆகவும், −1 ஆகவும் பிணைய முடியும் என்பதால். உலோகம்–நைட்ரஜன்–ஆக்சிஜன் நேர்கோட்டில் இருந்தால் +1 என்றும், ஏறத்தாழ 120 பாகை வளைந்திருந்தால் −1 என்றும் எடுப்பது வழக்கம். இது நல்ல தொடக்க விதி, இறுதித் தீர்ப்பல்ல.

சோடியம் நைட்ரோபுருசைடு (ஐந்து சயனைடு, ஒரு நைட்ரோசில், அணைவு −2) தெளிவான வழக்கு. நைட்ரோசிலை +1 என்று எடுத்தால் இரும்பு +2, ஆறு டி எலக்ட்ரான், குறை தற்சுழற்சியில் (எலக்ட்ரான்கள் கீழ் ஆர்பிட்டால்களிலேயே இணைசேரும் நிலையில்) எல்லாம் இணைந்துவிடும். சேர்மம் உண்மையிலேயே டயாகாந்தத் தன்மை (தனித்த எலக்ட்ரான் இல்லாத நிலை) கொண்டது. அகச்சிவப்பு நிறமாலையில் நைட்ரஜன்–ஆக்சிஜன் அதிர்வு ஏறத்தாழ 1940 செ.மீ⁻¹; தனி நைட்ரிக் ஆக்சைடின் 1876-ஐவிட அதிகம். எல்லாச் சான்றும் ஒரே பக்கம் நிற்கிறது.

நைட்ரேட்டைக் கண்டறியும் பழுப்பு வளையச் சோதனையின் அணைவு (ஐந்து நீர், ஒரு நைட்ரோசில், அணைவு +2) அப்படியல்ல. பாடநூல்கள் நைட்ரோசிலை +1 என எடுத்து இரும்பை +1 என்கின்றன. காந்தத் திருப்புத்திறன் மூன்று தனித்த எலக்ட்ரான்களைக் காட்டுவது அதோடு பொருந்தும். ஆனால் வேறு பிரிப்புகளோடும் பொருந்தும். பின்னர் வந்த நிறமாலை ஆய்வுகள் இரும்பு +3, நைட்ரோசில் −1 என்றோ, இரும்பு +2, நடுநிலை நைட்ரிக் ஆக்சைடு என்றோ விவரிக்கின்றன. தேர்வில் பாடநூல் விடையை எழுதுங்கள். ஆய்வுக் கட்டுரையில் எழுதாதீர்கள்.

இந்தச் சண்டையைத் தவிர்க்கவே எனெமார்க்–ஃபெல்தம் குறியீடு (1974) வந்தது. உலோகத்தையும் நைட்ரோசிலையும் பிரிக்காமல், உலோகத்தின் டி எலக்ட்ரான்களும் நைட்ரோசிலின் பை-எதிர்ப்பிணைப்பு (π*) எலக்ட்ரான்களும் சேர்ந்த மொத்த எண்ணிக்கையை மட்டும் சொல்லும்: நைட்ரோபுருசைடுக்கு 6, பழுப்பு வளைய அணைவுக்கு 7.

ஆக்சிஜன் மூலக்கூறே ஈனியாக இருந்தால்?

நடுநிலையா, சூப்பராக்சைடா (−1), பெராக்சைடா (−2) என்பதைப் பிணைப்பு நீளம் சொல்லும். இரு கோபால்ட் முனைகளிலும் ஐந்து அம்மோனியா, நடுவில் ஆக்சிஜன் பாலம் உள்ள அணைவை எடுங்கள். +4 மின்சுமையுள்ள வடிவத்தில் ஆக்சிஜன்–ஆக்சிஜன் தூரம் ஏறத்தாழ 1.47 ஆங்ஸ்ட்ராம்: பெராக்சைடு. அதை ஓர் எலக்ட்ரானால் ஆக்சிஜனேற்றினால் +5 வடிவம். ஒரு கோபால்ட் +4 ஆகிவிட்டது என்று எண்ணத் தோன்றும். ஆனால் தூரம் ஏறத்தாழ 1.31 ஆகச் சுருங்குகிறது. எலக்ட்ரானை இழந்தது ஆக்சிஜன் பாலம். இரண்டிலும் கோபால்ட் +3 தான்.

ஆக்சிஹீமோகுளோபினும் இந்தக் குடும்பத்துச் சிக்கல்தான். அது டயாகாந்தத் தன்மை கொண்டது என்று பாலிங்கும் கோரியெலும் 1936-இல் காட்டினார்கள். இரும்பு +2, நடுநிலை ஆக்சிஜன் என்றது பாலிங்கின் படம். இரும்பு +3, சூப்பராக்சைடு என்றது வைஸின் படம், அதில் இரு தனித்த எலக்ட்ரான்களும் எதிர்த்திசையில் இணைந்து காந்தத்தை மறைக்கின்றன. ஆக்சிஜன் அதிர்வு 1100 செ.மீ⁻¹ அருகே, சூப்பராக்சைடு எல்லையில் வருவது இரண்டாவது படத்துக்குச் சாதகம்.

வெளியே எத்தனை குளோரைடு என்பதை ஆய்வகத்தில் எப்படிக் கண்டுபிடிப்பது?

பென்டாஅம்மின்குளோரோகோபால்ட் குளோரைடின் மோலார் நிறை 250.4. அதில் 0.250 கிராம் என்பது ஏறத்தாழ 1 மில்லிமோல். இது குளிர்ந்த நீரில் குறைவாகவே கரையும், 100 மி.லி. நீர் தேவைப்படும். சில துளி நீர்த்த நைட்ரிக் அமிலம் விட்டு, 0.1 மோலார் சில்வர் நைட்ரேட் 25 மி.லி. சேர்த்து, கலக்கி, உடனே வடிகட்டுங்கள். மிக நீர்த்த நைட்ரிக் அமிலத்தால் கழுவி, 130 பாகை செல்சியஸில் உலர்த்தி எடை பாருங்கள். சில்வர் குளோரைடு 0.287 கிராம் வந்தால் இரண்டு குளோரைடு வெளியே.

மொத்தக் குளோரைடு வேண்டுமென்றால் புதிய மாதிரியைச் சோடியம் ஹைட்ராக்சைடோடு கொதிக்கவைத்து அணைவை உடையுங்கள். கருப்பு ஆக்சைடை வடிகட்டிக் கழுவி, வடிநீரை நைட்ரிக் அமிலத்தால் அமிலமாக்கி, பிறகு சில்வர் நைட்ரேட் சேருங்கள். இப்போது 0.430 கிராம், அதாவது மூன்று.

முதல் சோதனையில் 0.30-க்கு மேல் வந்தால் பெரும்பாலும் சூடேற்றியிருப்பீர்கள், அல்லது வீழ்படிவை மணிக்கணக்கில் விட்டிருப்பீர்கள். உள்ளே இருக்கும் குளோரைடை நீர் மெல்ல இடம்பெயர்க்கும். வெள்ளி அயனி அதை வேகப்படுத்தும். பச்சை நிற டெட்ராஅம்மின் உப்பு இதில் இன்னும் அவசரக்காரன். எடை குறைந்தால், மாதிரி முழுதும் கரைந்ததா, அமிலம் சேர்க்க மறந்து அம்மோனியா வீழ்படிவைக் கரைத்ததா, வெறும் நீரில் கழுவியதால் கூழ்மமாகித் தாளைத் தாண்டியதா என்று பாருங்கள்.

மின்கடத்துதிறன் இதற்கு நல்ல துணை. 0.001 மோலார் நீர்க்கரைசலில், 25 பாகையில், இரண்டு அயனி தரும் உப்பு ஏறத்தாழ 100, மூன்று தருவது 250, நான்கு தருவது 400 சீமென்ஸ் செ.மீ² மோல்⁻¹ என்ற அளவில் மோலார் கடத்துதிறன் காட்டும்.

கோபால்ட் +3 என்பதையே தரம்பார்த்து உறுதிப்படுத்த முடியுமா?

அயோடின் வழித் தரம்பார்த்தல் உண்டு. 0.250 கிராம் அணைவை 10 சதவீதச் சோடியம் ஹைட்ராக்சைடு 25 மி.லி.யுடன், துள்ளாமல் இருக்க இரண்டு பீங்கான் துண்டுகள் போட்டு, ஆவி சிவப்பு லிட்மஸை நீலமாக்குவது நிற்கும் வரை கொதிக்கவிடுங்கள். முழுதும் ஆறவிட்டு, முதலில் 2 கிராம் பொட்டாசியம் அயோடைடு, அதன் பிறகே 6 மோலார் ஹைட்ரோகுளோரிக் அமிலம் 20 மி.லி. மூடி, இருட்டில் 10 நிமிடம். கருப்புப் படிவு கரைந்ததும் 0.1 மோலார் தயோசல்பேட்டால் தரம்பாருங்கள். மஞ்சள் வெளிறும்போது ஸ்டார்ச். 10.0 மி.லி. செலவானால் ஒரு கோபால்ட்டுக்கு ஓர் எலக்ட்ரான். முடிவில் கோபால்ட் +2-இன் இளஞ்சிவப்பு நிற்கும், அது நீங்காது.

வரிசை மாறக் கூடாது: அயோடைடுக்கு முன் அமிலம் ஊற்றினால் கோபால்ட் +3 குளோரைடையே குளோரினாக்கிப் போய்விடும், அளவு குறையும். அமிலத்தில் நெடுநேரம் விட்டால் காற்று அயோடைடை ஆக்சிஜனேற்றும், அளவு கூடும். கொதிக்கவைக்காமல் நேரடியாக அயோடைடு சேர்த்தால் ஒன்றும் நடக்காது, அணைவு அவ்வளவு மந்தம்.

இந்த முறைக்கு ஒரு பெரிய ஓட்டை உண்டு. மாதிரியில் கோபால்ட் +2 இருந்தாலும் சூடான காரத்தில் காற்று அதையும் +3 ஆக்கிவிடும். ஆகவே காந்த அளவீட்டை முதலில் செய்யுங்கள். கோபால்ட் +3 அம்மின்கள் டயாகாந்தம்; +2 கலந்திருந்தால் அங்கேயே அகப்படும்.

காந்தத் திருப்புத்திறனை எவ்வளவு நம்பலாம்?

தனித்த எலக்ட்ரான்கள் 1, 2, 3, 4, 5 என்றால் தற்சுழற்சி மட்டும் கொண்ட மதிப்பு முறையே 1.73, 2.83, 3.87, 4.90, 5.92 போர் மேக்னட்டான். ஆறு ஃபுளூரைடு சூழ்ந்த இரும்பு +3 ஏறத்தாழ 5.9, ஆறு சயனைடு சூழ்ந்த அதே +3 ஏறத்தாழ 2.3. பின்னதில் 1.73-ஐவிட அதிகமாக இருப்பது ஆர்பிட்டால் பங்களிப்பால். எண்முகிக் கோபால்ட் +2 3.87-க்குப் பதில் 4.7 முதல் 5.2 வரை காட்டுவதும் இதனால்தான். அதை நான்கு தனித்த எலக்ட்ரான் என்று படித்தால் ஆக்சிஜனேற்ற நிலையே மாறிப்போகும்.

நிறத்தைப் பார்த்துச் சொல்லலாமா?

கூடாது. ஆறு நீர் கொண்ட குரோமியம் குளோரைடு ஊதா, நீலப்பச்சை, அடர்பச்சை என மூன்று நிறங்களில் கிடைக்கும். மூன்றிலும் குரோமியம் +3. உள்ளே இருக்கும் குளோரைடு 0, 1, 2 என மாறுகிறது, அவ்வளவே.

ஒரே உலோகத்தின் ஒரு நிலை சில ஈனிகளோடு மட்டும் ஏன் நிலைக்கிறது?

எந்த நிலையை ஈனி இறுகப் பிடிக்கிறதோ அந்த நிலை நிலைக்கும். நீரேறிய கோபால்ட் +3/+2 இணையின் திட்ட மின்னழுத்தம் (+3 எவ்வளவு வலுவாக எலக்ட்ரானைப் பறிக்கும் என்பதன் அளவு) +1.8 வோல்ட்டுக்கு மேல், நீரையே ஆக்சிஜனாக்கிவிடும். ஆறு அம்மோனியா சூழ்ந்தால் அது +0.1 வோல்ட் அருகே விழுகிறது. அதனால்தான் அம்மோனியா கலந்த கோபால்ட் +2 கரைசலை ஹைட்ரஜன் பெராக்சைடு எளிதாக +3 ஆக்குகிறது. கிளர்வூட்டிய கரி போட்டால் ஆறு அம்மோனியா உப்பு, போடாவிட்டால் குளோரைடு ஒன்று உள்ளே நுழைந்த ஐந்து அம்மோனியா உப்பு; தயாரிப்பில் நிறம் மாறி வந்தால் கரியைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும்.

இரும்பில் இரு திசையும் தெரியும். நீரில் +0.77 வோல்ட், சயனைடோடு +0.36, பினாந்த்ரோலினோடு ஏறத்தாழ +1.1. சயனைடு +3-ஐத் தாங்குகிறது, பினாந்த்ரோலின் +2-ஐ.

பூஜ்யமும் எதிர்க்குறியும் உண்மையில் சாத்தியமா?

சாத்தியம், எலக்ட்ரானைத் திரும்ப வாங்கிக்கொள்ளும் கார்பன் மோனாக்சைடு போன்ற ஈனிகள் இருந்தால். டைசோடியம் டெட்ராகார்பனைல்ஃபெரேட்டில் இரும்பு −2. குரோமியத்தின் டெட்ராகார்பனைல் எதிரயனியில் −4 வரை போயிருக்கிறது. மறுமுனையில், நான்கு ஆக்சிஜன் கொண்ட +1 மின்சுமையுள்ள இரிடியம் அயனியில் +9. 2014-இல் வாயு நிலையில் கண்டறியப்பட்டது.

ஃபெர்ரிசயனைடில் இரும்பு +3 என்றால், தயோசயனேட் சேர்த்தால் ஏன் சிவக்கவில்லை?

தயோசயனேட் சிவப்பைத் தருவது நீர் சூழ்ந்த இரும்பு +3. ஃபெர்ரிசயனைடில் அந்த இரும்பை ஆறு சயனைடு பூட்டி வைத்திருக்கின்றன. கரைசலில் சோதனைக்குக் கிடைக்கும் தனி இரும்பு அயனி கிட்டத்தட்ட இல்லை. ஆக்சிஜனேற்ற நிலை ஒன்றாக இருந்தாலும் சோதனை அணைவுக்கு அணைவு மாறும். பூட்டை உடைக்கிறேன் என்று அடர் அமிலம் ஊற்றிச் சூடாக்கிவிடாதீர்கள்: வெளிவருவது ஹைட்ரஜன் சயனைடு வாயு.